பத்தாயத்தில் நிலாவுக்குப் போனவன்

நம் வயதுக்காரர்கள் நாலு பேர் ஓரிடத்தில் உட்கார்ந்தால் எப்படியும் இந்தப் பேச்சு வந்துவிடுகிறது. நிலாவில் மனுசன் கால் வைத்த அன்றைக்கு நீ எங்கே இருந்தாய்? ஒருவர் டீக்கடை ரேடியோவைச் சொல்லுவார். ஒருவர் பள்ளிக்கூடத்தில் மிட்டாய் கொடுத்ததைச் சொல்லுவார். இன்னொருவருக்கு அப்போது அம்மை போட்டிருந்ததாம், வேப்பிலைக்கு நடுவே படுத்தபடி கேட்டாராம். போன மாதம் ஒரு கல்யாண வீட்டில் பந்திக்குக் காத்திருந்தபோதும் இதே பேச்சுதான். என் முறை வந்தது. ஞாபகமில்லை என்று சொல்லிவிட்டு, கை கழுவப் போகிறவள் போல எழுந்துவிட்டேன்.

ஞாபகமில்லாமல் என்ன. நான் குற்றாலத்தில் பெரிய அருவிக்கு முன்னால், காய்ந்த துண்டு ஒன்றை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றிருந்தேன். தண்ணீருக்குள் என் அண்ணனை இரண்டு பேர் பிடித்திருந்தார்கள்.

அதைச் சொல்லிவிடலாம் என்றுதான் உட்கார்ந்திருக்கிறேன். எட்டாவதோடு படிப்பு நின்றவள், வரிசை முன்னே பின்னே இருக்கும். எழுத ஆரம்பித்ததிலிருந்து கேஸை அணைத்தேனா என்று இரண்டு தடவை எழுந்து போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். என் சுபாவம் சின்ன வயதிலிருந்தே அப்படி. பின்கதவைப் பூட்டினார்களா, அப்பா பஸ் கவிழாமல் வந்துவிடுமா, அம்மா இருமுகிறாளே அது சாதா இருமல்தானா. அந்தச் சுபாவத்தால்தான் இதெல்லாம் நடந்தது. ஆகவே முதலிலேயே சொல்லி வைக்கிறேன்.

எங்கள் வீடு தென்காசியில். அப்பா பஸ் டிரைவர். தென்காசியிலிருந்து குற்றாலம், அங்கிருந்து ஐந்தருவி, திரும்பத் தென்காசி. பஸ்ஸுக்கு வெளியே பித்தளைக் குழாயோடு ஒரு ரப்பர் பந்து ஹாரன் இருக்கும். அப்பா அதை அமுக்கினால் வாத்து கத்துவது போல இருக்கும். தெருமுனையில் அந்தச் சத்தம் கேட்கிறவரைக்கும் எனக்குச் சோறு இறங்காது.

சீசன் வந்துவிட்டால் அப்பாவுக்கு ஓய்வே கிடையாது. செங்கோட்டைக் கணவாய் வழியாகக் காற்று வரும், காற்றோடு சாரல் வரும். வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே தூறும். துணி காயாது, தீப்பெட்டி நமுத்துப்போகும், வீட்டுச் சுவரெல்லாம் ஈரக் கோணி வாடை அடிக்கும். குளிக்க வருகிறவர்கள் பஸ் கொள்ளாமல் வருவார்கள். அந்தக் கூட்டத்துக்குள் வேறு ஒரு விதமான ஆட்களும் வருவார்கள். நீங்கள் பார்த்திருப்பீர்கள். புத்தி பேதலித்தவர்களை இரண்டு பக்கமும் பிடித்துக் கூட்டி வருவார்கள். சிலருக்குக் காலில் சங்கிலி இருக்கும். ஒரு மண்டலம், நாற்பத்தெட்டு நாள், எண்ணெய் தேய்த்து அருவியில் நிறுத்தினால் பித்தம் இறங்கும் என்பது ஊர்கூடி நம்பிய காரியம். அப்பா அதை ஊரைவிட அதிகமாக நம்பினார். "எத்தன பேரு என் பஸ்ஸுல கட்டிப்போட்டு வந்து, திரும்பும்போது அவனாவே டிக்கெட்டு வாங்கிட்டுப் போயிருக்கான்" என்பார். தெளியாதவர்கள் யாரும் அப்பாவிடம் திரும்பி வந்து சொல்லியிருக்க மாட்டார்கள் என்பது எனக்கு இந்த வயதில்தான் உறைத்தது.

அண்ணன் எனக்கு ஐந்து வயது மூத்தவன். எஸ்.எஸ்.எல்.சி. முடித்துவிட்டு, புளியங்குடி எலுமிச்சை மார்க்கெட்டில் சாக்குப் பிடிக்கிற வேலைக்கு அவ்வப்போது போய்வருவான். சோற்றைப் பிசைந்து எனக்கு ஒரு வாய் தந்தால் அதிலும் எலுமிச்சை வாசம் இருக்கும். ஆனால் அவன் மனசு மார்க்கெட்டில் இல்லை. மலைக்கு அந்தப் பக்கம், மலையாளக் கடற்கரையில் ராக்கெட் விடுகிறார்கள் என்று அவனுக்குத் தெரியும். அங்கே கம்பி முறுக்கவும் பெட்டி தூக்கவும்கூட ஆள் எடுப்பார்களாம். சாரல் முடிந்ததும் செங்கோட்டையில் ரயிலேறிப் போய்க் கேட்டுவிடுவது என்று வைத்திருந்தான். என்னிடம் மட்டும்தான் சொன்னான். நான் அன்றைக்கே மலைக்குகைக்குள் ரயில் நின்றுபோனால் என்ன செய்வான் என்று கவலைப்பட ஆரம்பித்துவிட்டேன்.

அந்தக் காலத்து நிலாக் கதைகள் உங்களுக்கும் நினைவிருக்கும். வாரப் பத்திரிகையிலிருந்து பக்கம் பக்கமாகக் கிழித்து, ஊசி நூலால் தைத்து, ஒரு தெருவே படிக்கும். ராக்கெட் கிளம்பும், நிலாவில் இறங்கும், அங்கே ஒரு ராணி இருப்பாள், இறங்கினவனோடு சுத்தத் தமிழில் பேசுவாள். எனக்கு அது ரொம்பப் பிடிக்கும். அண்ணனுக்குக் கோபம் வரும்.

"ஏட்டி, நிலாவுல காத்தே கெடையாது. காத்து இல்லாத எடத்துல அந்த ராணி எப்படி வசனம் பேசுதா?"

"அப்பம் அங்கன என்னதான் இருக்கு?"

"ஒண்ணும் இல்ல. பொடி மண்ணு. போறதுதான் கத. ஒரு பெட்டிக்குள்ள அத்தன நாளு உக்காந்திருக்கவன் என்ன நெனப்பான், அவனுக்கு என்ன ஞாபகம் வரும், அத எவனாவது எழுதுதானா பாரு."

"நீ எழுது."

"எழுதத்தான் போறேன். ஆனா உக்காந்து பாக்காம எழுதினா அதுவும் ராணி கததான்."

எதிர்வீட்டில் ஒரு டீச்சர் இருந்தார். வேதக்காரர், அதாவது கிறிஸ்தவர், தனியாள். தெருவிலேயே அவர் வீட்டில்தான் ரேடியோ. குமிழைத் திருகினால் உடனே பாடாது. பச்சைக் கண் ஒன்று மெல்ல மெல்ல முழித்துக்கொண்டு வரும், அது முழுசாகத் திறந்த பிறகுதான் குரல் வரும். மூன்று பேர் நிலாவுக்குக் கிளம்பப் போகிறார்கள் என்ற செய்தியை அண்ணன் அந்த ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டுதான் கேட்டான். அன்றைக்கே முடிவு செய்துவிட்டான்.

எங்கள் வீட்டு உள்ளறையில் ஒரு பத்தாயம் கிடந்தது. பலாமரப் பலகையில் செய்த நெற்பெட்டி, ஆள் உயரம் இருக்கும். மேலே மூடி, கீழே நெல் சரிவதற்கு ஒரு சின்னக் கதவு. வயல் கையைவிட்டுப் போய் வெகுநாளாகிவிட்டதால் அதற்குள் நாலு கிழிந்த சாக்கும் நெல் தூசியும்தான். அண்ணன் வீட்டில் ஒரு வாரம் புளியங்குடியில் தங்கி வேலை பார்க்கப் போவதாகச் சொல்லிவிட்டு முன்வாசல் வழியாகப் போய், பின்வாசல் வழியாக வந்து அதற்குள் இறங்கிவிட்டான். ராக்கெட் கிளம்பிய அன்று சாயங்காலம். மூன்று பேரும் போய்த் திரும்புகிறவரைக்கும் உள்ளேயே இருப்பது, நாளுக்கு நாள் நோட்டில் எழுதுவது என்பது திட்டம். பூமி நான்தான்.

"மூச்சு முட்டும்ணே."

"பலக இடுக்குல காத்து வருது."

"பூரான் கெடந்தா?"

"நிலாவுக்குப் போறவன் பூரானுக்குப் பயந்தா ஆவுமா?"

"ஒண்ணுக்கு வந்தா?"

"அவங்க ராக்கெட்டுல அதுக்கு ஏற்பாடு இருக்கு. நம்ம ராக்கெட்டுல இல்ல. அப்பா மொத டிரிப்புக்குப் போயி, அம்மா தண்ணிக்குப் போற நேரத்துல எறங்கி ஏறிக்கிடுதேன். நீ பாத்துச் சொல்லணும்."

அவல், வெல்லம், ஒரு தூக்குச்சட்டி நிறையத் தண்ணீர், டார்ச் லைட், எண்பது பக்க நோட்டு. இடுப்பில் ஒரு கயிற்றைக் கட்டி உள்ளே இருந்த முளையில் முடிந்துகொண்டான். அங்கே எடை இருக்காதாம், மிதந்து போவானாம். நான் மூன்று தடவை தட்டினால் அவன் இரண்டு தடவை தட்ட வேண்டும், உயிரோடு இருக்கிறான் என்று அர்த்தம். நான் ஒரு நாளைக்கு எத்தனை தடவை தட்டினேன் என்று கேட்காதீர்கள். "பூமி தொல்ல தாங்க முடியலயே" என்று உள்ளேயிருந்து சத்தம் வரும்.

இறங்குவதற்கு முன் ஒன்று சொல்லியிருந்தான். அதைத்தான் நான் இன்றைக்கும் வரி மாறாமல் வைத்திருக்கிறேன்.

"மூணாம் நாளு சாயங்காலம் நாங்க நிலாவுக்குப் பின்னால போவோம். நிலா குறுக்க நிக்கும்லா, அப்பம் பூமியோட பேச்சு அந்துபோவும். முக்கா மணி நேரம். நீ தட்டுவ, நான் பதில் தட்ட மாட்டேன். பயப்படப்பிடாது. என்ன?"

"சரி."

"சத்தியமா?"

"சத்தியமா."

சனிக்கிழமை. சாரல் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. விளக்கு வைக்கிற நேரத்துக்குக் கொஞ்சம் முன்னால் உள்ளேயிருந்து குரல் வந்தது. "பூமி, நாங்க பின்னால போறோம். வந்து பேசுதேன்." அவ்வளவுதான். நான் சுவர்க் கடிகாரத்துக்கு எதிரே போய் உட்கார்ந்தேன். பத்து நிமிடம் ஆயிற்று. தட்டினேன். பதில் இல்லை. அது சரிதான், அப்படித்தான் சொன்னான். இருபது நிமிடம். தட்டினேன். உள்ளே பலகையில் என்னவோ சரிந்த மாதிரி ஒரு சத்தம். கையா, தலையா? காற்று வருகிறது என்று சொன்ன இடுக்கில் விரலை வைத்துப் பார்த்தேன், காற்று வரவில்லை. கயிறு இடுப்பில்தான் இருக்கிறதா, கழுத்துக்கு ஏறிவிட்டதா? அரைமணி ஆனது. சத்தியத்தை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். முப்பத்தைந்து ஆனது. அம்மா அடுக்களையில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா, அண்ணன் பத்தாயத்துக்குள்ள செத்துட்டான்."

முறம் விழுந்த சத்தம் இருக்கிறதே, அது இப்போதும் என் காதில் விழும். அம்மா கத்திய கத்தலில் தெரு திரண்டது. டிரிப் முடிந்து அப்போதுதான் வந்த அப்பா காக்கிச் சட்டையோடு ஓடிவந்து மூடியைப் பிடுங்கினார். எதிர்வீட்டு டீச்சர் அரிக்கேன் விளக்கைத் தூக்கிப் பிடித்தார்.

உள்ளே அண்ணன் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மூன்று நாள் வெளிச்சம் படாத முகம். தலையெல்லாம் நெல் தூசி. இடுப்பில் கயிறு. விளக்குக்குக் கண் கூசியது. "ஏய்யா, என்னய்யா செய்யுத? அம்மாவப் பாருய்யா" என்று அம்மா கதறுகிறாள். அவன் உதட்டின் மேல் விரலை வைத்தான். பிறகு இரண்டு கையையும் விரித்துப் பத்து விரலைக் காட்டினான். காட்டிவிட்டுச் சிரித்தான்.

இன்னும் பத்து நிமிடம் என்று அர்த்தம். அது எனக்கு மட்டும்தான் தெரியும். அங்கே நின்ற பத்துப் பன்னிரண்டு பேருக்கு அது எப்படித் தெரிந்திருக்கும் என்று நீங்களே நினைத்துப் பாருங்கள்.

அப்பா கையைப் பிடித்துத் தூக்கிவிட்டபோதுதான் வாயைத் திறந்தான். அதுவும் என்னிடம்தான். "ஏட்டி, பத்து நிமிசம் பொறுத்திருக்கக் கூடாதா?"

மறுநாள் வைத்தியர் வந்தார். இந்த மாதிரிக் கேஸ்களை அருவிக்கு அனுப்புகிறவர் அவர்தான், அப்பாவுக்குப் பஸ்ஸில் பழக்கம். அண்ணனைப் பாயில் உட்கார வைத்து நாடி பார்த்தார். அண்ணனுக்கு இதெல்லாம் இன்னும் விளையாட்டாகத்தான் இருந்தது.

"தம்பி, எங்கன போயிருந்தீரு?"

"எங்கயும் போகல. பத்தாயத்துலதான் இருந்தேன். கத எழுதுததுக்கு."

"என்ன கத?"

"நிலாவுக்குப் போற கத."

"நிலாவுக்கு ஆளு போக முடியுமோ?"

"போய்க்கிட்டிருக்காங்களே. நாளைக்கு எறங்கிருவாங்க."

வைத்தியர் அப்பாவைத் திரும்பிப் பார்த்தார். அம்மா முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள். பிறகு அந்த நோட்டு வைத்தியர் கைக்குப் போயிற்று. அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, எழுத்துக் கூட்டுகிற மாதிரி மெதுவாகச் சத்தம் போட்டுப் படித்தார்.

"இரண்டாம் நாள். பூமி எலுமிச்சம்பழம் அளவுக்குத் தெரிகிறது. கையை நீட்டினால் கட்டைவிரலால் மறைத்துவிடலாம். அதற்குள் எங்கேயோ அம்மா சோறு வடித்துக்கொண்டிருக்கிறாள். அப்பா ஹாரன் அடிக்கிறார். எனக்குக் கேட்கவில்லை. எனக்கு யாருமே இல்லாத மாதிரி இருக்கிறது."

அம்மா ஓவென்று அழுதாள். அதற்குமேல் படிக்க விடவில்லை. ஐம்பது வருசத்துக்கு மேலாகிவிட்டது. நானும் எத்தனையோ கதை படித்திருக்கிறேன். அதைவிட நல்ல நாலு வரியை நான் படித்ததில்லை. எங்கள் வீட்டில் அதை ஒரே ஒரு தடவைதான் வாசித்தார்கள், அதுவும் வியாதிக்குச் சாட்சியாக. வைத்தியர் போகும்போது நோட்டைத் துணிப்பைக்குள் போட்டுக்கொண்டார். அது திரும்பி வரவே இல்லை.

டீச்சர் வாசல்வரை வந்து சொல்லிப் பார்த்தார். "அண்ணாச்சி, அவன் சொல்லுதது நெசந்தான். ரேடியோவுல மூணு நாளா சொல்லுதாங்க."

"ரேடியோக்காரனுக்கு என்ன டீச்சர், அவனா வந்து என் புள்ளயப் பாப்பான்? வெளிய தெரியுத நிலாவுக்கு ஒருத்தன் ஏறிப் போவானாம், இவன் அதுக்காகப் பொட்டிக்குள்ள போயிக் கட்டிக்கிட்டு உக்காருவானாம். ஒங்க புள்ளயா இருந்தா நீங்க சும்மா இருப்பீங்களா?"

டீச்சருக்குப் பிள்ளை இல்லை. அதோடு அவர் திரும்பிப் போய்விட்டார்.

நான் ஏன் பேசவில்லை என்று கேட்பீர்கள். அந்தக் கேள்வியோடுதான் நான் வயசாகியிருக்கிறேன். பேசினேன், அரைகுறையாக. நான்தான் தண்ணீர் கொடுத்தேன், நான்தான் பூமி என்று சொன்னேன். அம்மா என் வாயைப் பொத்தினாள். இவளுக்கும் பிடித்துவிட்டதோ என்று அவள் கண்ணில் தெரிந்தது. அதைப் பார்த்ததும் எனக்கும் பயம் வந்துவிட்டது.

திங்கட்கிழமை விடிந்ததும் அப்பா அண்ணனை முதல் டிரிப்பில் ஏற்றினார். அம்மாவால் பார்க்க முடியாது என்று துண்டு பிடிக்க என்னைக் கூட்டிப்போனார். குளிரில் பல் கிட்டிக்கொண்டது. எண்ணெய் தேய்க்கிற அண்ணாச்சி ஒருவரை வைத்தியர் சொல்லி அனுப்பியிருந்தார். கறுத்த, பெரிய ஆள், உள்ளங்கை வெள்ளையாக ஊறிப்போயிருக்கும். அவர் அண்ணனைப் பாறையில் உட்கார வைத்து உச்சியில் எண்ணெயை அறைந்தார். பிறகு அவரும் அப்பாவும் ஆளுக்கொரு கையைப் பிடித்து அருவிக்குள் கொண்டுபோனார்கள். அப்பாவும் சட்டையோடு நனைந்தார். அதைச் சொல்ல வேண்டும். அண்ணன் நின்ற நேரமெல்லாம் அப்பாவும் நின்றார். ஒரு டிரிப்புக்கு மாற்று டிரைவரைக் கெஞ்சி ஏற்பாடு செய்துவிட்டு, நாற்பத்தெட்டு நாளும் நின்றார்.

பெரிய அருவியின் சத்தம் தெரியுமல்லவா, பக்கத்தில் நிற்கிறவன் கத்தினாலும் கேட்காது. அண்ணன் வாய் திறந்து மூடுவது மட்டும் தெரிந்தது. அன்றைக்குக் காலையில், ஏறக்குறைய அதே நேரத்தில்தான், அவர்கள் அங்கே கீழே இறங்கி நடந்துகொண்டிருந்தார்கள். டீச்சர் பின்னால் கணக்குப் பார்த்துச் சொன்னார்.

தினமும் குளித்துக் கரையேறியதும் ஒரு கேள்வி உண்டு. வைத்தியர் சொல்லிக் கொடுத்தது. "நிலாவப் பத்திக் கேளும் டிரைவரே. ஆமான்னா பித்தம் இன்னும் எறங்கலன்னு அர்த்தம். இல்லன்னு சொன்னா எறங்குது."

எண்ணெய் அண்ணாச்சி தமாஷாகவே கேட்பார். "மாப்ள, நிலாவுல அருவி உண்டா?"

"தண்ணியே கெடையாது அண்ணாச்சி."

"அப்பம் நான் அங்கன வந்தா பொழப்பு ஓடாது. ஆளு உண்டா?"

"போயிட்டு வந்துட்டாங்க. ஒங்க டீக்கடைப் பேப்பர்லயே படம் போட்டிருக்கு, பாருங்க."

"டிரைவரே, இன்னும் ரெண்டு முங்கு போடணும்."

மறுபடி உள்ளே. அவன் நிஜத்தைச் சொல்லச் சொல்ல அதிக நேரம் நிறுத்தினார்கள். முதல் வாரம் வாதாடினான். இரண்டாவது வாரம் காய்ச்சல் வந்தது. சூடு வெளியேறுகிறது, நல்லதுதான் என்றார் வைத்தியர். மூன்றாவது வாரம் ஒருநாள், உதடு நீலம் பாரித்து நடுங்கிக்கொண்டு கரையேறினவனிடம் அப்பாவே கேட்டார்.

"ஏலே, நிலாவுக்கு ஆளு போயிருக்காலே?"

அண்ணன் என்னைப் பார்த்தான். ஒரு கண்ணைச் சிமிட்டினான். "இல்லப்பா. யாரும் போகல."

அப்பா அப்படியே பாறையில் உட்கார்ந்து முகத்தைப் பொத்திக்கொண்டார். அன்றைக்குத் திரும்பும்போது எங்களுக்கு மங்குஸ்தான் பழம் வாங்கிக் கொடுத்தார். ஊதாத் தோட்டை அண்ணன் உடைத்து, வெள்ளைச் சுளையை எனக்குத் தந்தான். பாதி பிழைத்துவிட்டோம் என்று நினைத்தேன். இனி தினமும் பொய் சொல்லுவான், மண்டலம் முடியும், மலையைத் தாண்டி ரயிலேறிவிடுவான். எனக்கு அவன் சிமிட்டின அந்த ஒரு கண் போதுமாக இருந்தது.

பள்ளிக்கூடம் போய்விட்டு, சனி ஞாயிறு மட்டும் நான் துண்டோடு போவேன். ஒவ்வொரு தடவையும் கேள்வி வரும். "இல்லப்பா." ஒவ்வொரு தடவையும் அவன் கண் என்னைத் தேடும். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை தேடவில்லை. குளிரினால் இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். அடுத்த வாரமும் தேடவில்லை. "இல்லப்பா" என்பது எண்ணெய்க் கையைத் துடைத்துக்கொள்கிற மாதிரி வெறுமனே வந்தது.

எனக்கு நிச்சயமாகத் தெரிந்தது ஆவணியில். அன்றைக்கு ஏதோ விடுமுறை, நானும் போயிருந்தேன். வாரக்கணக்கில் மூடிக் கிடந்த வானம் விடியலில் விட்டிருந்தது. பஸ் ஆயிரப்பேரி விலக்குத் தாண்டித் திரும்பியபோது, எதிரே மலைக்கு மேல் முழு நிலா நின்றது. மறைவதற்கு முன்னால் மஞ்சளாக, ஒரு சுற்றுப் பெரிதாக. பஸ்ஸில் இருந்தவர்களெல்லாம் ஜன்னல் பக்கம் சாய்ந்தார்கள். "ஏ, அங்கன பாரு, என்ன அழகு!" என்று ஒரு பொம்பளை பிள்ளைக்குக் காட்டினாள். அப்பாகூட வண்டியை மெதுவாக விட்டார். நான் அண்ணனின் தோளைத் தொட்டேன்.

அவன் குனிந்து செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அண்ணே, நிலா."

"வேண்டாம்ட்டி" என்றான். "தல வலிக்கும்."

மண்டலம் முடிந்தது. அண்ணனுக்குத் தெளிந்துவிட்டது என்று அப்பா தெருவுக்கே பொங்கல் வைத்தார். அப்புறம் அவன் கதை எழுதவில்லை, ரயிலேறவும் இல்லை. அருவிக்குக் கூட்டிப்போன பையன் என்று பெயராகிவிட்டது. மார்க்கெட்டில் கூப்பிடவில்லை. பெண் கொடுக்க யாரும் வரவில்லை. அப்பா பஸ் முதலாளியிடம் சொல்லி ஷெட்டில் சேர்த்துவிட்டார். நாற்பது வருசம் பஸ் கழுவினான், ஒருவரோடும் சண்டை இல்லை. வீட்டில் இனிமேல் படித்த தலை வேண்டாம் என்று அம்மா சொல்லி, அந்த வருசமே என்னையும் நிறுத்தினார்கள். பத்தாயத்தை ஒரு மர வியாபாரி பலகை பலகையாகப் பிரித்துக்கொண்டு போனான்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஏழெட்டு வருசம் கழித்து, பஸ்ஸில் முன்சீட்டுக்காரரோடு அப்பா பேசிக்கொண்டு வந்ததை நான் காதால் கேட்டேன். "மனுசன் சாமானியப்பட்டவனா? நிலாவுக்கே போயிட்டு வந்துட்டான்லா" என்றார். பெருமையாகத்தான் சொன்னார். சொல்லிவிட்டு ஹாரன் அடித்தார். அந்த வாக்கியத்துக்கும் தன் வீட்டுக்கும் ஒரு சம்பந்தம் இருப்பதாக அவருக்குத் தோன்றவே இல்லை. சாகும்வரைக்கும் தோன்றவில்லை. தோன்றாமல் போனதே நல்லது என்று சில நாள் நினைப்பேன்.

அப்பா அம்மா போய், என் வீட்டுக்காரரும் போன பிறகு, அண்ணன் என்னோடுதான் இருக்கிறான். இருமினால் எழுந்துபோய்ப் பார்த்துவிட்டு வருவேன். நம் நாட்டு வண்டி நிலாவில் இறங்கிய அன்று சாயங்காலம் என் பேரன் டி.வி.யைச் சத்தமாக வைத்திருந்தான். நான் நடுவாசலை ஒருக்களித்து மூடினேன். அதற்குள் அண்ணன் டீ டம்ளரோடு வந்து நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டான்.

"அதுக்குள்ள ஆளு இருக்கா?" என்று கேட்டான்.

"இல்ல தாத்தா, மிஷின் மட்டுந்தான்."

"அப்பம் சரி" என்றான். முகத்தில் ஒரு நிம்மதி.

டி.வி.யில் எல்லாரும் எழுந்து நின்று கை தட்டினார்கள். பேரனும் தட்டினான். எனக்கு எங்கிருந்து துணிச்சல் வந்ததோ தெரியவில்லை. அண்ணனைப் பின்பக்கம் கூட்டிப்போய், தொட்டிப் பக்கத்தில் நிறுத்தி, அத்தனை வருசம் சொல்லாததைச் சொன்னேன்.

"அண்ணே, அன்னைக்கு நான் அம்மாவக் கூப்பிட்டிருக்கப்பிடாது. சத்தியம் பண்ணிட்டுக் கூப்பிட்டேன். ஒனக்கு ஒண்ணுமே இல்ல. நீ நல்லாத்தான் இருந்த. எனக்குத் தெரியும். எனக்கு மட்டுந்தான் தெரியும்."

அவன் என்னைப் பார்த்தான். புரியாதவன் போல அல்ல, நன்றாகப் புரிந்துகொண்டுதான் பார்த்தான். திட்டு என்று மனசுக்குள் கெஞ்சினேன். ஒரு வார்த்தை திட்டிவிட்டால் போதும், நான் தெரிந்த அண்ணன் உள்ளே எங்கேயோ இருக்கிறான் என்று ஆகிவிடும்.

அவன் டம்ளரைத் தொட்டி மேல் வைத்துவிட்டு, என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"இதப் போயி இத்தன நாளு மனசுல வச்சிருந்தியாட்டி? எனக்கு அப்பம் நெசமாவே புத்தி சரியில்ல. எனக்கே தெரியும். நீ மட்டும் கூப்பிடலன்னா என் கதி என்ன ஆயிருக்கும்? நீ நல்லாருப்ப."